இரண்டு வள்ளங்களை இணைத்து ஒரு சங்காடம்: பூவார்க் காயலில் ஒரு செய்முறைப் பதிவு

நெய்யாறு கடலைச் சேரும் பூவார்ப் பொழிக்கு (ஆற்று முகத்துவாரத்துக்கு)ப் பின்னால், காயல் நீர் சூழ்ந்த ஒரு திட்டில் எங்கள் குடும்பத்துக்கு ஒரு தென்னந்தோப்பு இருக்கிறது. நாங்கள் குடியிருப்பது கேரள எல்லைக்கு இப்பால், கன்னியாகுமரி மாவட்டத்துக் கொல்லங்கோட்டில். தேங்காய், உர மூட்டை, கதம்பை (தேங்காய் மட்டை) ஆகியவற்றை இதுவரை ஒற்றை வள்ளத்தில்தான் ஏற்றி இறக்கி வந்தோம். நீரிறைக்கும் டீசல் பம்பு செட்டை ஏற்ற வேண்டிய தேவை வந்தபோது அந்த வழி போதவில்லை. பம்பு செட்டின் எடை உயரத்தில் இருக்கும். வள்ளத்தின் அகலமோ முக்கால் மீட்டர். ஏற்றுபவர் விளிம்பில் கால் வைத்த நொடியிலேயே வள்ளம் சாயும். ஆகவே இரண்டு ஃபைபர் வள்ளங்களைப் பக்கவாட்டில் நிறுத்தி, குறுக்குத்தடிகளால் பிணைத்து, மேலே தட்டு அமைத்து, ஓர் இரட்டை உடல் மிதவை செய்வதென்று முடிவு செய்தோம். அதைச் செய்த முறையையும், ஒவ்வோர் அளவையும் ஏன் அப்படி வைத்தோம் என்பதையும் இங்கே எழுதி வைக்கிறேன்.

இரண்டு உடல் கொண்ட கலத்தை உலகம் முழுவதும் கேட்டமரான் என்கிறார்கள். அது நம் கட்டுமரம் என்ற சொல்லிலிருந்து போனது என்பதை எல்லோரும் அறிவோம். ஆனால் எங்கள் ஊர் வள்ள ஆசாரியிடம் போய்க் கட்டுமரம் வேண்டும் என்று கேட்டால், அவர் மரத்தடிகள் எங்கே என்றுதான் திருப்பிக் கேட்பார். கட்டுமரத்தில் உடல் என்று சொல்லத்தக்க கூடே கிடையாது. எடை குறைந்த தடிகளைச் சேர்த்துக் கட்டியது அது. அலை தடிகளின் இடுக்கு வழியே ஏறி அந்த வழியே இறங்கும். மரமே மிதப்பதால் நீரை இறைக்கவும் வேண்டாம், மூழ்கவும் செய்யாது. 1697இல் தம் பயணங்களை அச்சிட்ட ஆங்கிலேய மாலுமி வில்லியம் டாம்பியர் சோழமண்டலக் கரையில் பார்த்து எழுதியதும் இந்த மரத்தைத்தான். ஒரே ஆள் ஏறுகிற சிறு மரத்தில் ஏறியவரின் கால்கள் எந்நேரமும் தண்ணீரில் கிடந்ததை அவர் குறித்திருக்கிறார். இரட்டை வள்ளத்தின் இயல்பு வேறு. நீர் புகாத இரண்டு கூடுகள், அவற்றுக்கு நடுவே திறந்த இடைவெளி, இரண்டையும் சேர்த்துப் பிடிக்கும் குறுக்குத்தடிகள் ஆகிய மூன்றும் சேர்ந்தால்தான் அது கலமாகிறது.

நம் பக்கத்தில் அதற்குப் பெயர் சங்காடம். பழைய தமிழ் அகராதிகள் சங்கடம் என்ற சொல்லுக்கு இரட்டைத் தோணி என்றும் பொருள் தருகின்றன. கேரளத்தில் இன்று வண்டிகளை அக்கரைக்கு ஏற்றிச் செல்லும் மிதவையை ஜங்கார் என்கிறார்களே, அதுவும் இதே சொல்லின் உறவுதான். கி.பி. முதல் நூற்றாண்டில் எழுதப்பட்ட கிரேக்க வணிகக் குறிப்பு ஒன்று, நம் கிழக்குக் கரைத் துறைமுகங்களில் ஒற்றைமரக் கலங்களை ஒன்றோடொன்று பிணைத்துச் செய்த பெரிய கலங்களுக்குச் சங்கரா என்று பெயர் சொல்கிறது. வியப்பு என்னவென்றால், போர்ச்சுக்கீசியர் இந்தச் சங்காடம் என்ற சொல்லை எடுத்துப் போய், பிரேசில் மீனவர்களின் மரத்தடித் தெப்பத்துக்கு ஜங்காடா என்று வைத்துவிட்டார்கள்; ஆங்கிலேயர் கட்டுமரத்தின் பெயரை எடுத்துப் போய் இரட்டை உடல் கலத்துக்கு வைத்துவிட்டார்கள். இரண்டு பெயர்களும் கடல் தாண்டிய பிறகு இடம் மாறிவிட்டன. செய்முறை நூல்களைப் புரட்டுபவர் இதை மனத்தில் வைத்துக்கொள்வது நல்லது. கேட்டமரான் என்ற தலைப்பில் கிடைக்கும் குறுக்குத்தடிக் கணக்கும் இடைவெளிக் கணக்கும் சங்காடத்துக்குப் பொருந்தும், கட்டுமரத்துக்குப் பொருந்தா.

மேல்நாட்டார் இந்த அமைப்பைக் கையில் எடுத்தது பிற்காலத்தில்தான். அயர்லாந்தில் வில்லியம் பெட்டி 1660களில் இரட்டை உடல் பாய்க்கப்பல்களைக் கட்டிப் பார்த்தார். 1876இல் நத்தானியல் ஹெரஷாஃப் அமரில்லிஸ் என்ற இரட்டை உடல் படகால் நியூயார்க்குப் பந்தயத்தில் மற்றப் படகுகளைத் தோற்கடித்த பிறகு, அவ்வகைப் படகுகளைப் பந்தயத்திலிருந்தே விலக்கி வைத்தார்கள். பசிபிக் தீவினர் இவர்களுக்கு வெகுகாலம் முன்பே இரட்டைத் தோணிகளில் பெருங்கடல் கடந்தவர்கள். நம் அருகில் வைக்கம்–தவணக்கடவு இடையே 2017 ஜனவரி முதல் ஓடும் ஆதித்யா என்ற சூரிய மின்படகும், 2023 ஏப்ரலில் தொடங்கிய கொச்சி வாட்டர் மெட்ரோவின் படகுகளும் இரட்டை உடல் கொண்டவைதாம். ஆதித்யாவின் நீளம் 20 மீட்டர், அகலம் 7 மீட்டர். ஒற்றை உடல் படகில் அவ்வளவு அகலம் வைத்தால் நீரைத் தள்ளிக்கொண்டு போகவே பெரும் விசை செலவாகும்.

நாங்கள் வாங்கிய இரண்டு பழைய வள்ளங்களும் ஒரே அச்சில் வார்த்தவை. இதில் நான் விட்டுக்கொடுக்கவே இல்லை. வெவ்வேறு அச்சில் வந்தவை ஒரே சுமைக்கு வெவ்வேறு அளவு அமிழும், தட்டு எப்போதும் ஒருபுறம் சாய்ந்தே நிற்கும். ஒவ்வொன்றும் 6 மீட்டர் நீளம், நீர்மட்டத்தில் 70 செ.மீ. அகலம், 45 செ.மீ. ஆழம், ஏறத்தாழ 100 கிலோ எடை. ஒன்றின் அடிப்பகுதியில், மணலில் இழுத்து இழுத்துத் தேய்ந்த இடத்தில் நட்சத்திர வடிவில் விரிசல் இருந்தது. மேலே பூசி மறைத்தால் அது நிற்காது. விரிசல் முடியும் இடம் வரை கிரைண்டரால் அரைத்து, ஓரத்தைச் செங்குத்தாக விடாமல் நீண்ட சரிவாக எடுத்தோம். ஃபைபரின் கனம் 5 மி.மீ. என்றால் சரிவு குறைந்தது 6 செ.மீ. அகலம் இருக்க வேண்டும். அதாவது கனத்தைப்போல் பன்னிரண்டு மடங்கு. புது மேட் (கண்ணாடியிழை விரிப்பு) பழைய சுவரைப் பற்றிக்கொள்ளும் பரப்பு அந்தச் சரிவுதான்.

அரைத்த பிறகு வள்ளத்தைக் கவிழ்த்து, ஓட்டுக் கொட்டகையில் காற்றுப்பட வைத்தோம். ஈரம் இருந்தால் ரெசின் (ஃபைபர் பிசின்) பிடிக்காது. இடவப்பாதி (தென்மேற்குப் பருவ) மழையில் இந்த வேலையைத் தொடவே கூடாது, மாசி மாதமே ஏற்றது. அசிட்டோனால் துடைத்து, சதுர மீட்டருக்கு 450 கிராம் எடையுள்ள மேட்டை மூன்று அடுக்காக வைத்தோம். சிறிய துண்டு முதலில், பெரிய துண்டு கடைசியில். மேட்டின் எடையைப்போல் இரண்டு முதல் இரண்டரை மடங்கு ரெசின் போதும். அதற்கு மேல் ஊற்றினால் வலிமை கூடாது, நொறுங்கும் தன்மைதான் கூடும். ரெசினை இறுகச் செய்யும் ஹார்டனர் நூற்றுக்கு ஒன்றரை. இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும்: இறுகலை விரைவுபடுத்தும் கோபால்ட்டை ரெசினில் முழுவதும் கலக்கிய பிறகுதான் ஹார்டனரைச் சேர்க்க வேண்டும். இரண்டையும் நேரடியாக ஒரே கிண்ணத்தில் ஊற்றினால் தீப்பற்றும், வெடிக்கவும் செய்யும்.

இரண்டு வள்ளங்களுக்கு இடையே எவ்வளவு இடைவெளி விடுவது என்பதுதான் இந்தக் கலத்தின் உயிரான கேள்வி. ஒரு மிதவை சாய மறுக்கும் வலிமை அது நீரில் பதியும் பரப்பு நடுக்கோட்டிலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பதைப் பொறுத்தது. அந்தத் தொலைவு இருமடங்கானால் வலிமை நான்கு மடங்காகும். பரப்பை நீள்சதுரமாக எடுத்துக்கொண்டு கணக்குப் போட்டால், 6 மீட்டர் நீளமும் 70 செ.மீ. அகலமும் உள்ள இரண்டு வள்ளங்கள் தனித்தனியே தரும் மொத்த வலிமை 0.34 (மீட்டரின் நான்காம் அடுக்கில்), அதே இரண்டை நடுக்கோட்டுக்கு நடுக்கோடு 2 மீட்டர் தள்ளிப் பிணைத்தால் வருவது 8.74. ஏறத்தாழ 25 மடங்கு. இவ்வளவும் இடைவெளி ஒன்றால் கிடைப்பது. மரமோ ஃபைபரோ கூடுதலாகச் சேர்க்கவில்லை.

அப்படியானால் 3 மீட்டர் வைக்கலாமே என்று என் தம்பி கேட்டான். வைக்கலாம், ஆனால் குறுக்குத்தடியின் நீளம் கூடக் கூட அதன் நடுவில் வளையும் விசையும் கூடும், தடி பருக்க வேண்டும், எடை ஏறும். தவிர, தோப்புக்குப் போகும் கைத்தோட்டின் (சிறு கால்வாயின்) குறுகலான இடத்தில் 3 மீட்டருக்கு மேல் அகலமான கலம் நுழையாது. 2 மீட்டர் வைத்தபோது மொத்த அகலம் 3 மீட்டருக்குள் நின்றது, நடுவே 1.3 மீட்டர் நீர்ப்பாதை கிடைத்தது.

குறுக்குத்தடிக்கு அயினி மரம் எடுத்தோம். மலையாளத்தில் ஆஞ்ஞிலி என்று சொல்லி வள்ளம் செய்யப் பயன்படுத்துவது இதைத்தான். 10 செ.மீ. உயரம், 7.5 செ.மீ. கனம், 2.9 மீட்டர் நீளம் கொண்ட மூன்று தடிகள். உயரமான பக்கம் நிமிர்ந்து நிற்கும்படி வைப்பது முக்கியம், ஏனென்றால் வளைவைத் தாங்குவது உயரமே. முனைகளில் கொல்லாங்கொட்டை (முந்திரி)த் தோட்டு எண்ணெயை ஊற ஊறத் தடவினோம்; அது தோலில் பட்டால் கொப்பளிக்கும், கையுறை இல்லாமல் தொடக் கூடாது.

தடிகளை ஏற்றுவதற்கு முன் வள்ளங்களை நேர்படுத்த வேண்டும். மணலைச் சமன் செய்து, இரண்டையும் வைத்து, டியூப் லெவலால் (நீர் நிரப்பிய குழாயால்) முன்னும் பின்னும் மட்டம் பார்த்தோம். ஒவ்வொரு வள்ளத்திலும் முன்முனையிலிருந்து பின்முனைக்கு நடுக்கோட்டில் சரடு இழுத்து, இரண்டு சரடுகளுக்கும் இடையே முன்னால் எவ்வளவோ பின்னாலும் அவ்வளவே என்று நிறுத்தினோம். பிறகு ஒன்றன் முன்முனையிலிருந்து மற்றதன் பின்முனைக்குக் குறுக்காக இரண்டு மூலைவிட்டங்களையும் அளந்து, அவையும் சமமாகும் வரை நகர்த்தினோம். முன்னால் விரிந்து பின்னால் சேர்ந்தால் நடுப்பாதையில் நீர் ஒடுங்கி இழுவை கூடும். ஒரு வள்ளம் மட்டும் திரும்பியிருந்தால் கலம் ஓயாமல் ஒருபக்கம் இழுக்கும். கட்டி முடித்த பிறகு இதைத் திருத்த முடியாது.

இனி கட்டு. இந்த இடத்தில்தான் போல்ட்டா கயிறா என்ற விவாதம் வந்தது. பூவாரில் ஒரு விடுதிக்காக இரண்டு வள்ளங்களைப் போல்ட்டால் இறுக்கிச் செய்த மிதவையொன்று கரையில் கிடந்தது. அதன் பின்குறுக்குத்தடியின் போல்ட் துளைகளைச் சுற்றிச் சிலந்திவலை போல வெள்ளை விரிசல்கள் ஓடியிருந்தன. ஒரு துளை நீண்டு முட்டை வடிவாகியிருந்தது. காரணம் புரிந்துகொள்ளக் கடினமில்லை. சுற்றுலாப் படகு எழுப்பும் அலை சாய்வாக வந்தால், ஒரு வள்ளத்தின் முன்முனை எழும்போது மற்றதன் முன்முனை இன்னும் தாழ்ந்திருக்கும். அந்த முறுக்கு முழுவதும் குறுக்குத்தடியும் விளிம்பும் சந்திக்கும் இடத்துக்கு வந்து சேர்கிறது. கயிறு அதில் கொஞ்சம் நெகிழ்ந்து கொடுத்து மீண்டும் இறுகும். போல்ட்டால் அது முடியாது; அதன் கீழ் உள்ள மெல்லிய ஃபைபர்தான் நெகிழ்ந்து, நாளடைவில் நொறுங்குகிறது.

வள்ளம் செய்தே காலம் கழித்த ஆசாரிப் பாட்டா வந்து பார்த்தார். “பாட்டா, போல்ட்டு போட்டா உறுதியா நிக்குமில்லியா?” என்று தம்பி கேட்டபோது அவர் சொன்னார்: “மக்களே, ரெண்டும் ரெண்டு வள்ளமாட்டுதான் கெடக்கணும். அதுக்கு மூச்சு விட எடம் குடு. தடி நகராம இருக்கணும், ஆனா இறுகிச் சாவாண்டாம்.” எங்கள் கட்டின் அமைப்பு முழுவதும் இந்தச் சொல்லிலிருந்தே வந்தது.

தடி நகராமல் இருக்க, வள்ளத்தின் ஒவ்வொரு விளிம்பிலும் தடி அமரும் இடத்தில் விளிம்பின் வளைவுக்கேற்பச் செதுக்கிய அயினிக் கட்டை ஒன்றை வைத்து, அதில் தடி பொருந்தும் அளவுக்குப் பள்ளம் எடுத்தோம். ஆக மூன்று தடிகள், இரண்டு வள்ளங்கள், வள்ளத்துக்கு இரண்டு விளிம்புகள் என்று பன்னிரண்டு கட்டுகள். விளிம்பின் உட்புறம் முழு நீளத்துக்கும் ஒரு மரச்சட்டம் ஒட்டித் திருகினோம். கயிற்றின் இழுப்பு ஒரே புள்ளியில் ஃபைபரைக் கடிக்காமல் நீளத்துக்கும் பரவ அது உதவுகிறது. சட்டத்துக்குக் கீழே துளையிட்டு, துளையின் வாயை ரெசினால் உருட்டி வழவழப்பாக்கி, பிளந்த ரப்பர் ஓஸ் துண்டைச் செருகினோம். கயிறு அறுவது பெரும்பாலும் உராய்வால்தான். இந்த ரப்பர்த் துண்டுக்குச் செலவிட்ட நேரம் வீணாகாது.

கயிறு எது என்பதையும் சோதித்தே தேர்ந்தோம். நைலான் நனைந்தால் நீளும், கட்டு தளரும். பாலிபுரோப்பிலீன் வழுக்கும், வெயிலில் வெளிறிப் பொடியாகும். பாலியெஸ்டர் நல்லது, நீட்சி குறைவு. ஆனால் கடைசியில் நாங்கள் எடுத்தது காயல் நீரில் ஊறிய கதம்பையிலிருந்து திரித்த 10 மி.மீ. தென்னைநார்க் கயிறு. உப்பு நீரைத் தாங்கும், சொரசொரப்பால் ஒரு சுற்று மற்றதைப் பற்றிக்கொண்டு நிற்கும், தளர்ந்தால் கண்ணுக்குத் தெரியும்.

கட்டும் முறை இது. கயிற்றைத் தண்ணீரில் ஊறவைத்து, தடிக்கு மேலும் துளை வழியாகச் சட்டத்துக்குக் கீழும் ஏழு சுற்று ஒன்றன் பக்கத்தில் ஒன்றாக, மேலேறாமல் சுற்ற வேண்டும். ஒவ்வொரு சுற்றையும் கையால் இழுத்தால் போதாது. முறுக்குக் கம்பைச் செருகி நெம்பி இறுக்கி, அடுத்த சுற்று வரும் வரை ஒருவர் மரச்சுத்தியால் தட்டிக்கொண்டே இருக்க வேண்டும். ஏழும் முடிந்த பின், தடிக்கும் விளிம்புக்கும் இடையே தெரியும் அந்த நெடுஞ்சுற்றுகளின் இடுப்பைக் குறுக்காக மூன்று சுற்று சுற்றி நெரிக்க வேண்டும். உண்மையான இறுக்கம் இந்தக் குறுக்குச் சுற்றில்தான் வருகிறது. விரலால் சுண்டினால் கட்டு கட்டையான ஓசை எழுப்ப வேண்டும். தொளதொளவென்று அசைந்தால் அவிழ்த்துவிட்டு மறுபடி தொடங்குவதே சரி.

தட்டுக்குத் தென்னம்பலகை, விரலிடை இடைவெளி விட்டு. இடைவெளி இல்லாவிட்டால் கீழிருந்து வரும் அலை தட்டை அறையும். மேலே விழும் நீரும் வடியாது. ஒவ்வொரு வள்ளத்துக்கும் மேலே தூக்கி எடுக்கும் ஒரு பலகை வைத்தோம். ஒற்றை வள்ளத்தில் நீர் கசிந்தால் காலில் படும். தட்டு போட்ட சங்காடத்தில் அது தெரியவே தெரியாது, ஒரு பக்கம் மெல்லத் தாழும்போதுதான் புலப்படும். இரண்டு முனைகளிலும் மூடி இறுக்கிய காலி 20 லிட்டர் தண்ணீர்க் கேன்களைக் கட்டிவைத்தோம். தெர்மாகோலை வைத்து மேலே ரெசின் பூசும் வழக்கம் உண்டு. பாலியெஸ்டர் ரெசின் தெர்மாகோலைக் கரைத்துவிடும் என்பதால் அது வேண்டாம்.

நீரில் இறக்கியதும் சுமைச் சோதனை. வெறும் நிலையில் விளிம்பு நீருக்கு மேல் 37 செ.மீ. நின்றது. 50 கிலோ மணல் மூட்டைகளை இரண்டு பக்கமும் சமமாக அடுக்கி 500 கிலோ ஏற்றியபோது 28 செ.மீ.க்கு வந்தது, ஒரு செ.மீ. அமிழ 55 முதல் 60 கிலோ வரை. அடுத்து, 200 கிலோவை ஒரு வள்ளத்தின் மேல் மட்டும் வைத்தோம். அந்த வள்ளம் 7 செ.மீ. இறங்கியது; மற்றது ஏறத்தாழ அசையவே இல்லை; தட்டின் சாய்வு இரண்டு பாகைதான். இதே எடையை ஒற்றை வள்ளத்தின் ஓரத்தில் வைத்திருந்தால் அது அப்போதே கவிழ்ந்திருக்கும்.

ஓட்டுவதில் பழக்கம் மாற வேண்டியிருக்கிறது. கழுக்கோலைப் பின்தடிக்கு அருகே, நடுவில் நின்று ஊன்ற வேண்டும். ஓரத்தில் ஊன்றினால் கலம் மறுபக்கம் திரும்பும். திருப்பம் மெதுவாகத்தான் வரும், முன்கூட்டியே தொடங்க வேண்டும். எங்கள் காயலுக்கே உரிய தொல்லை ஆகாயத்தாமரை. அது நடுப்பாதையில் புகுந்து முன்தடிக்கு அடியில் திரண்டு அடைத்துக்கொள்ளும், கலம் நின்றுவிடும். முன்முனைகளுக்கு இடையே மூங்கிலால் கூம்பாக ஒரு தடுப்பு கட்டி, களை இரு புறமும் ஒதுங்கும்படி செய்த பிறகு பெரும்பகுதி தீர்ந்தது. பொழி திறந்திருக்கும் காலத்தில் கழிமுகத்துக்கு அருகே கொண்டுபோவதில்லை. அங்கே வரும் அலை இந்தக் கட்டுக்கு ஏற்றதன்று.

இந்த உறுதிக்கு ஓர் எல்லை உண்டு, அதைச் சுமை ஏற்றும் எல்லோரிடமும் சொல்லி வைத்திருக்கிறேன். சங்காடம் சிறு சாய்வில் மிக வலிமையாக எதிர்க்கும். ஒரு வள்ளம் நீரைவிட்டு எழும்பிவிட்டால் அதற்குப் பின் எதிர்ப்பு குறைந்துகொண்டே போகும், எச்சரிக்கை தராமல் புரளும். புரண்டால் தலைகீழாகவும் அதே உறுதியோடு கிடக்கும், தானாக நிமிராது. எனவே பம்பு செட்டை எப்போதும் நடுத்தடியின் மேல், தட்டின் மையத்தில், நான்கு மூலையும் கட்டித்தான் கொண்டுபோகிறோம். ஆட்கள் எல்லோரும் ஒரே பக்கம் திரண்டு நிற்கக் கூடாது.

கரையேற்றும்போது இரண்டு வள்ளங்களும் ஒரே நேரத்தில் மணலைத் தொட வேண்டும். ஒன்று மேட்டிலும் ஒன்று பள்ளத்திலும் இருந்தால், சுமையோடு நிற்கும் தடிகளுக்கு அலையைவிட அதிக முறுக்கு அங்கேதான் விழும். தென்னந்தடி உருளைகளைச் சமமாகப் போட்ட பிறகே இழுக்கிறோம். கட்டுகளை ஒவ்வொரு சுமைக்கு முன்பும் சுண்டிப் பார்க்கிறோம். பின்தடியின் உட்பக்கக் கட்டுகள் இரண்டும்தான் முதலில் தளர்கின்றன. இடவப்பாதி தொடங்கும் முன் பன்னிரண்டையும் அவிழ்த்து, தடிகளைக் கழற்றி நிழலில் உலர்த்தி, புதுக் கயிற்றில் மீண்டும் கட்டுவதாக இருக்கிறோம். பின்தடிக்கு மட்டும் நார்க்கயிற்றோடு ஒரு பாலியெஸ்டர்ச் சுற்றையும் சேர்த்துப் பார்க்கப் போகிறோம்.